ரீல் தீர்ந்தால் கரைக்கு நீந்தணும்

போன இதழில் ஒரு வாசகர், 'அலைச்சறுக்கை (பலகையில் ஏறி அலைமேல் சறுக்கும் சர்ஃபிங்) மட்டுமே படம் எடுத்து ஒருத்தர் பிழைக்க முடியுமா?' என்று கேட்டிருந்தார். 'முடியும், ப்ரூஸ் பிரவுன் என்று ஒருவர் பிழைத்தார்' என்று ஒரே வரியில் முடித்துவிட்டு அடுத்த கேள்விக்குப் போய்விட்டேன். விட்டார்களா? இந்த முறை வந்த கடிதங்களில் பாதி அதைப் பற்றித்தான். சரி, சர்க்கரை நோய்க் கேள்விகளும் ஜாதகக் கேள்விகளும் ஒரு இதழ் பொறுத்திருக்கட்டும்.

கே: அந்த ப்ரூஸ் பிரவுன் யார்? ஒரு வரி போதாது. (கடலூர் வாசகர்)

ப: போதாதுதான். 1937-ல் சான் பிரான்சிஸ்கோவில் பிறந்து, தெற்குக் கலிபோர்னியாவின் லாங் பீச்சில் வளர்ந்தவர். படிப்பு முடித்ததும் கடற்படை, நீர்மூழ்கிக் கப்பலில் வேலை, போட்ட இடம் ஹவாய். அலைப் பைத்தியத்துக்கு ஹவாயில் போஸ்டிங் கிடைத்தால் என்ன ஆகும்? லீவு கிடைத்த நேரமெல்லாம் தண்ணீரில் கிடந்தார், கையில் ஒரு 8 மி.மீ. காமிரா. ஊர் திரும்பி அந்தத் துண்டுப் படங்களைப் போட்டுக் காட்டியபோது, சறுக்குப்பலகை செய்து விற்கும் டேல் வெல்சி என்ற கடைக்காரருக்குப் பொறி தட்டியது. 5,000 டாலர் கொடுத்து, போய் ஒரு முழுப் படமாக எடுத்து வா என்றார். காமிரா, ஃபிலிம், ஹவாய்க்கு விமான டிக்கெட், சாப்பாடு எல்லாம் அதற்குள். படம் எடுப்பது எப்படி என்று சொல்லித்தரும் புத்தகம் ஒன்றை விமானத்தில் போகும்போதுதான் படித்தாராம். 1958-ல் அந்தப் படம் வந்தது. ஜாஸ் கலைஞர் பட் ஷாங்க் அதற்கு இசை போட்டார். அப்புறம் 1962 வரை வருடத்துக்கு ஒன்று. குளிர்காலத்தில் ஹவாயின் வடகரையில் பெரிய அலை வரும்போது ஷூட்டிங், பிறகு எடிட்டிங், அதன்பின் ஊர் ஊராகப் படப்பெட்டியைத் தூக்கிக்கொண்டு அலைவது. பள்ளிக்கூட ஆடிட்டோரியம், சங்கக் கட்டடம், எது வாடகைக்குக் கிடைத்தாலும் சரி. படத்துக்கு ஒலித்தடமே கிடையாது, டேப் ரெக்கார்டரில் பாட்டு ஓடும், இவர் மைக்கைப் பிடித்துக்கொண்டு நேரடியாக வர்ணனை சொல்லுவார். கூட்டம் எங்கே சிரிக்கிறது, எங்கே கொட்டாவி விடுகிறது என்று இரவுக்கு இரவு பார்த்துப் பார்த்து வசனத்தை மாற்றிக்கொண்டே போனார். எந்தப் பள்ளியிலும் இந்தப் பாடம் கிடைக்காது.

வருடா வருடம் அவசர அவசரமாக எடுத்துச் சலித்துப்போய், ஒரு படத்துக்காவது நிதானமாக நேரம் கொடுக்கலாம் என்று ஆரம்பித்ததுதான் 'தி எண்ட்லெஸ் சம்மர்'. கோடையைத் துரத்திக்கொண்டே உலகைச் சுற்றினால் கோடை முடியவே முடியாது அல்லவா, அதுதான் கதை. இதில் வேடிக்கை என்னவென்றால், முதலில் அவர் போக நினைத்தது தென்னாப்பிரிக்காவுக்கு மட்டும். டிராவல் ஏஜெண்ட்டிடம் கேட்டால், கேப் டவுனுக்குப் போய்த் திரும்பி வருவதைவிட அப்படியே உலகத்தைச் சுற்றி வந்தால் டிக்கெட் 50 டாலர் குறைவு என்றிருக்கிறார். அந்த 50 டாலரில் பிறந்ததுதான் உலகப் பயணம். மைக் ஹின்சன், ராபர்ட் ஆகஸ்ட் என்ற இரண்டு இளைஞர்களைக் கூட்டிக்கொண்டு செனகல், கானா, நைஜீரியா, தென்னாப்பிரிக்கா, ஆஸ்திரேலியா, நியூசிலாந்து, டஹிட்டி, ஹவாய். கையில் ஒரு 16 மி.மீ. பொலெக்ஸ் காமிரா. லைட்பாய் கிடையாது, உதவி இயக்குநர் கிடையாது, மேக்கப் கிடையாது. மொத்தச் செலவு சுமார் 50,000 டாலர்.

1964-ல் இதையும் வழக்கம்போல ஆடிட்டோரியங்களில் ஓட்டினார். கூட்டம் அள்ளியது. ஆனால் தியேட்டருக்குக் கொண்டுபோகலாம் என்று விநியோகஸ்தர்களிடம் போனால், 'கடற்கரையை விட்டு 10 மைல் உள்ளே போனால் இதை எவன் பார்ப்பான்?' என்கிற தோரணையில் கைவிரித்துவிட்டார்கள். இந்த இடத்தில்தான் ஆளின் பிடிவாதம் தெரிகிறது. கான்சாஸ் மாநிலத்து விச்சிட்டா என்ற ஊர், கடல் என்ற பேச்சே அந்தப் பக்கம் கிடையாது, அதுவும் நடுங்கும் குளிர்காலம். அங்கே ஒரு தியேட்டரைப் பிடித்து ஓட்டினார்கள். பனியில் வரிசை நின்றது, இரண்டு வாரம் ஹவுஸ்ஃபுல். அப்போதும் பெரிய கம்பெனிகள் அசையவில்லை. சரி என்று நியூயார்க் போய், 16 மி.மீ. படத்தை 35 மி.மீ. ஆகப் பெரிதாக்கி, கிப்ஸ் பே தியேட்டரைத் தானே வாடகைக்கு எடுத்தார். 47 வாரம் ஓடியது! அங்கே பிடித்துக்கொண்டதும்தான் நாடு முழுவதும் வெளியானது, 1966-ல். வசூல் கோடிக்கணக்கான டாலர் என்பார்கள். 2002-ல் அமெரிக்க நாடாளுமன்ற நூலகம் பாதுகாக்க வேண்டிய படங்களின் பதிவேட்டில் அதைச் சேர்த்தது.

ஒன்று சொல்லிவிடுகிறேன், மனிதர் கொஞ்சம் அளக்கவும் செய்வார். தென்னாப்பிரிக்காவில் கேப் செயிண்ட் ஃபிரான்சிஸ் என்ற இடத்தில் ஓர் அற்புதமான அலையைக் காட்டிவிட்டு, அங்கே வருடம் முழுக்க அப்படித்தான் என்கிற மாதிரி வர்ணனையில் விட்டார். அதை நம்பிப் போனவர்களுக்குத்தான் தெரியும், அது நினைத்தபோதெல்லாம் வருகிற அலை இல்லை. ஆனாலும் அந்த அலைக்கு இன்றைக்கு அவர் பெயர்தான், 'ப்ரூஸஸ் பியூட்டீஸ்' என்கிறார்கள்.

கே: அவ்வளவு பெரிய வெற்றிக்குப் பிறகு ஹாலிவுட் அவரை விட்டுவைத்ததா? (மதுரை வாசகர்)

ப: அவர்தான் ஹாலிவுட்டை விட்டுவைத்தார். 1971-ல் மோட்டார் சைக்கிள் பந்தயம் பற்றி ஓர் ஆவணப்படம் எடுத்தார், நடிகர் ஸ்டீவ் மெக்வீன் பணம் போட்டார், ஆஸ்கர் பரிந்துரை கிடைத்தது. அடுத்து என்ன என்று எல்லாரும் பார்த்துக்கொண்டிருக்க, இவர் சாண்டா பார்பரா பக்கம் பண்ணை வீட்டில் போய் உட்கார்ந்துவிட்டார். மீன்பிடித்தல், மோட்டார் சைக்கிள், குடும்பம். 1994-ல்தான் மறுபடி அலைப் படத்தின் இரண்டாம் பாகம், இந்த முறை பெரிய ஸ்டூடியோவின் பணத்தில். நான் இரண்டையும் பார்த்தேன், இரண்டாவதில் காமிரா அற்புதம், ஆனால் முதல் படத்தில் பாக்கெட்டில் காசில்லாதவர்கள் ஊர் சுற்றும் குஷி இருக்கிறதே, அது இதில் இல்லை. மகன் டேனா பிரவுனும் அதே தொழிலுக்கு வந்து 2003-ல் தன் அலைப் படத்தை வெளியிட்டார். அப்பா 2017 டிசம்பரில், 80 வயதில் காலமானார்.

கே: இந்தத் தொழிலை ஆரம்பித்ததே அவர்தானா? (தஞ்சாவூர் வாசகர்)

ப: இல்லை. அவருக்கு முன்னால் இன்னொரு பிரவுன், பட் பிரவுன், உறவு கிடையாது, ஆங்கில எழுத்தில் கடைசியில் ஓர் எழுத்து கூடுதல். 1912-ல் பிறந்தவர், நீச்சல் வீரர், கடற்கரைக் காவலராக இருந்தவர், பள்ளி ஆசிரியராகவும் வேலை பார்த்தவர். 1953-ல் தான் ஹவாயில் எடுத்த படத்தைச் சாண்டா மோனிகாவில் ஒரு பள்ளி ஆடிட்டோரியத்தில் டிக்கெட் போட்டுக் காட்டினார், தலைக்கு 65 சென்ட். காசு வாங்கிக்கொண்டு அலைப்படம் காட்டியது அதுதான் முதல் என்பார்கள். போஸ்டர் ஒட்டுவது, டிக்கெட் கிழிப்பது, புரொஜெக்டர் ஓட்டுவது, வர்ணனை சொல்வது, எல்லாம் ஒரே ஆள்.

இதைப் படிக்கும்போது எனக்கு நம்ம சாமிக்கண்ணு வின்சென்ட் ஞாபகம்தான் வந்தது. திருச்சியில் ரயில்வே குமாஸ்தாவாக இருந்தவர், 1905-ல் ஊருக்கு வந்த ஒரு பிரெஞ்சுக்காரரிடம் புரொஜெக்டரையும் படங்களையும் வாங்கி, வேலையை விட்டுவிட்டு, கூடாரம் போட்டு ஊர் ஊராகக் காட்டினார், பிறகு கோவையில் வெரைட்டி ஹால் கட்டினார். அந்தக் காலத்துக் கொட்டகையிலும் ஊமைப்படத்துக்குப் பக்கத்தில் நின்று ஒருவர் கதை சொல்லுவார். 50 வருடம் கழித்துக் கலிபோர்னியாக்காரர்கள் செய்ததும் டூரிங் டாக்கீஸ்தான், கூடாரத்துக்குப் பதில் பள்ளிக்கூடம். ஆகவே தஞ்சை வாசகரே, என் கணக்கில் இந்தத் தொழிலில் காமிரா பாதி, மீதிப் பாதி ஹாலை நிரப்புவது. ஜான் செவர்சன் என்று ஒருவர் 1960-ல் தன் படத்துக்கு விளம்பரமாக ஒரு சின்னப் புத்தகம் போட்டார். படத்தை இன்று எத்தனை பேருக்கு ஞாபகம் இருக்கிறதோ, அந்த விளம்பரப் புத்தகம் 'சர்ஃபர்' என்ற பத்திரிகையாக வளர்ந்து அரை நூற்றாண்டுக்கு மேல் ஓடியது. வாசகர் கடிதத்துக்குப் பதில் எழுதிப் பிழைக்கிற எனக்கு இந்தத் தகவல் ரொம்பப் பிடிக்கும்.

கே: அலைக்குள்ளேயே இருந்து எடுப்பது போல வருகிறதே, காமிரா நனையாதா? ஆள் அடித்துக்கொண்டு போக மாட்டாரா? (கல்லூரி மாணவி, நாகர்கோவில்)

ப: காமிரா நனையாது, அதற்கு ஒரு பெட்டி உண்டு. ஆள் அடித்துக்கொண்டு போவார், அதற்கு ஒன்றும் கிடையாது.

விளையாட்டு போகட்டும். கரையிலிருந்து எடுப்பது ஒரு வகை, முக்காலியில் நீளமான டெலி லென்ஸ், நாள் முழுக்க வெயில். இன்னொன்று தண்ணீருக்குள். பட் பிரவுன் காலத்தில் தண்ணீர் புகாத பெட்டி கடையில் கிடைக்காது, அவரே செய்துகொண்டார். காலில் துடுப்பு மாட்டிக்கொண்டு, ஒரு கையில் பெட்டி, அலை உடையும் இடத்துக்குச் சற்றுப் பக்கவாட்டில் மிதந்துகொண்டு நிற்க வேண்டும். ரொம்பத் தள்ளி நின்றால் படத்தில் ஒன்றும் இருக்காது, ரொம்ப நெருங்கினால் சறுக்குப்பலகை மண்டையைப் பிளக்கும், அதன் அடியில் இருக்கும் துடுப்பு கத்தி மாதிரி. சறுக்கி வருகிறவர் ஒரு கை தூரத்தில் தாண்டும்வரை படம் பிடித்துவிட்டு, கடைசி நொடியில் அலைக்கு அடியில் மூழ்கி மறுபக்கம் எழ வேண்டும். எழும்போது அடுத்த அலை காத்திருக்கும், ஏனென்றால் பெரிய அலைகள் தனியாக வருவதில்லை, கூட்டமாகத்தான் வரும்.

இதில் எனக்கு ஆச்சரியமான சமாசாரம் ஃபிலிம் நீளம். 16 மி.மீ. காமிராவில் 100 அடி ரீல் போட்டால் சாதாரண வேகத்தில் 2 நிமிடம் 45 வினாடிதான் ஓடும். அலையை மெதுவாகக் காட்ட வேண்டும் என்று இரண்டு மடங்கு வேகத்தில் ஓட்டினால் ஒன்றரை நிமிடம்கூட வராது. தீர்ந்துவிட்டதா, கரைக்கு நீந்து, துண்டு எடுத்துக் கையைத் தலையைத் துவட்டு (ஒரு சொட்டு உள்ளே விழுந்தால் முடிந்தது), பெட்டியைத் திற, ரீலை மாற்று, மூடு, மறுபடி அலையைக் கிழித்துக்கொண்டு உள்ளே நீந்து. இத்தனையும் ஒன்றரை நிமிடப் படத்துக்கு. நீங்கள் கரையில் துண்டோடு நிற்கும்போதுதான் அன்றைய மிகச் சிறந்த அலை வரும் என்பது எழுதப்படாத விதி. அதனால் அந்தக் காலத்து ஆட்கள் விரலை அழுத்துவதற்கு முன் யோசித்தார்கள். எந்த அலை நல்லா வரும், எவன் அதை எடுப்பான், எந்தப் பக்கம் திரும்புவான் என்று முன்கூட்டியே தெரிந்தால்தான் ஃபிலிம் மிஞ்சும்.

ஜார்ஜ் கிரீனோ என்ற ஒருவர் 12 கிலோவுக்கு மேல் எடையுள்ள காமிராவை முதுகில் கட்டிக்கொண்டு, தானே அலையில் சறுக்கி, அலை சுருண்டு விழும்போது உள்ளே குழாய் மாதிரி ஓர் இடம் உண்டாகுமே, அதற்குள் இருந்து வெளியே பார்க்கிற காட்சியை எடுத்தார். 1960-களின் கடைசியில்! இன்று உள்ளங்கை அளவு காமிரா பலகையின் நுனியில் ஒட்டிக்கொண்டு செய்கிற வேலை அது. அப்புறம் ஒரு சின்னத் தொழில் ரகசியம், லென்சுக்கு முன்னால் இருக்கும் குவிந்த கண்ணாடியில் நீர்த்துளி நிற்காமல் இருக்க நாக்கால் நக்குவார்கள், அல்லது எச்சில் துப்பித் தேய்ப்பார்கள். அதைச் செய்யாமல் எடுத்தால் உங்கள் படம் முழுக்க நடுவில் ஒரு கொப்புளம்.

கே: அலைச்சறுக்கத் தெரியாமல் இந்தப் படம் எடுக்கலாமா? (சேலம்)

ப: சறுக்கத் தெரியாமல் எடுக்கலாம். நீந்தத் தெரியாமல் எடுக்க முடியாது.

கே: எல்லாம் சரி, காசு? இன்றைக்கு யூடியூபில் சும்மா கிடைப்பதை யார் காசு கொடுத்துப் பார்ப்பார்கள்? (கோவை வாசகர்)

ப: கோவைக்காரர் கேட்க வேண்டிய கேள்வியைக் கேட்டுவிட்டார். ஹால் டிக்கெட் காலம் 1980-களில் வீடியோ கேசட் வந்ததும் ஆட்டம் கண்டது. கேசட்டை ஒருவன் வாங்கினால் தெருவே பார்த்துவிடும், அப்புறம் ஆடிட்டோரியத்துக்கு எதற்கு வருவான்? அந்த இடத்தில் உள்ளே வந்தவை நீச்சலுடை, பலகை விற்கும் கம்பெனிகள். பணம் நாங்கள் தருகிறோம், எங்கள் ஆட்கள் சறுக்கட்டும், சட்டையில் எங்கள் பெயர் தெரியட்டும். ஆஸ்திரேலியாவில் வாழ்ந்த ஜாக் மெக்காய் அப்படி பில்லபாங் கம்பெனிக்காக வரிசையாகப் படங்கள் எடுத்தவர். விளம்பரம் என்று ஒதுக்க முடியாத வேலை. நீருக்கடியில் ஓடும் மோட்டார் ஸ்கூட்டர் ஒன்றைப் பிடித்துக்கொண்டு, அலைக்குப் பின்னால், அடியிலிருந்து, அலை உருளுவதையே ஒரு மேகம் உருளுவது போலக் காட்டினார். 2025-ல் மறைந்தார்.

கம்பெனிப் பணத்தில் ஒரு வில்லங்கம் உண்டு. படம் நல்லா இருந்தாலும் அது உங்களுடையதாக இருக்காது. ப்ரூஸ் பிரவுன் பண்ணை வீட்டில் நிம்மதியாக உட்கார முடிந்தது என்றால், எடுத்த படத்தைத் தன் கையிலேயே வைத்திருந்ததால்தான் என்பது என் அபிப்பிராயம். உரிமையை எழுதிக் கொடுத்துவிட்டால் அலை அடித்துக்கொண்டே இருக்கும், காசு வேறு கரையில் ஒதுங்கும்.

காசே இல்லாமலும் வழி உண்டு. நான் சொன்ன கிரீனோவின் காட்சிகள் வந்த 1973 படத்துக்கு பிங்க் ஃபிளாய்ட் குழுவின் நீண்ட பாட்டு ஒன்று வேண்டியிருந்தது. பணம் கொடுத்து வாங்கக் கட்டுப்படியாகாது. பாட்டைக் கொடுங்கள், பதிலுக்கு உங்கள் மேடைக் கச்சேரிகளில் பின்திரையில் எங்கள் அலைக்காட்சிகளை ஓட்டிக்கொள்ளுங்கள் என்றார்கள். ஒப்புக்கொண்டார்கள். பண்டமாற்று!

கைத்திறமையைக் காட்டிப் பெரிய வேலைக்குப் போனவரும் இருக்கிறார். கிரெக் மெக்கில்லிவ்ரே பள்ளிப் பருவத்திலேயே அலைப்படம் எடுக்க ஆரம்பித்து, ஜிம் ஃப்ரீமன் என்ற கூட்டாளியோடு 1972-ல் ஒரு பெரிய அலைப்படம் தந்தார். ஓடும் நீரை, நகரும் ஆளை, ஆடும் இடத்திலிருந்து ஆடாமல் எடுக்கிற வித்தை கைவந்துவிட்டதல்லவா, 1976-ல் திறந்த வாஷிங்டன் விமான அருங்காட்சியகத்துக்காக ஐமாக்ஸ் என்ற ராட்சதத் திரைக்குப் படம் எடுக்கக் கூப்பிட்டார்கள். அந்தப் படம் திரைக்கு வருவதற்குச் சில நாள் முன்னால் ஃப்ரீமன் ஹெலிகாப்டர் விபத்தில் இறந்துபோனார். மெக்கில்லிவ்ரே தொடர்ந்தார், 1996-ல் எவரெஸ்ட் உச்சிவரை ஐமாக்ஸ் காமிராவை அனுப்பினார், படம் 1998-ல் வந்தது. ஸ்டான்லி குப்ரிக்கின் 'தி ஷைனிங்' படத்தின் ஆரம்பத்தில் மலைப்பாதையில் ஒரு சின்னக் கார் போவதை ஆகாயத்திலிருந்து பார்ப்போமே, அதுவும் இவர் கைவண்ணம்.

கே: என் பையன் இன்ஜினியரிங் முடித்துவிட்டு அலைப்படம் எடுக்கப் போகிறேன் என்று கோவளத்திலேயே கிடக்கிறான். நம்ம ஊரில் இதற்கு வழி இருக்கிறதா? (கவலையோடு ஓர் அப்பா, தாம்பரம்)

ப: கோவளத்தில் கிடக்கிறான் என்றால் சரியான இடத்தில்தான் கிடக்கிறான், ஐயா. அங்கே மீனவர் வீட்டுப் பிள்ளைகள் பலகை ஏறிச் சறுக்கக் கற்று, மற்றவர்களுக்குச் சொல்லிக்கொடுத்துச் சம்பாதிக்கிற அளவுக்கு வந்துவிட்டார்கள். 2025 ஆகஸ்டில் மாமல்லபுரத்தில் ஆசிய அலைச்சறுக்குப் போட்டி நடந்தது, ரமேஷ் புதிஹால் வெண்கலம் வாங்கினார், அந்தப் போட்டியில் தனிநபர் பதக்கம் வாங்கிய முதல் இந்தியர். அந்தப் பக்கம் தண்ணீரைத் தாண்டினால் இலங்கையில் அறுகம்பை, உலகம் முழுவதிலுமிருந்து சறுக்க வருகிறார்கள். வெளிநாட்டுப் பெண் இயக்குநர் ஒருவர் தென்னிந்தியக் கடற்கரையில் பெண் அலைச்சறுக்கர்களை வைத்து எடுத்த படம் 2014-லேயே வந்துவிட்டது. ஆக, கதை இல்லை என்று சொல்ல முடியாது. வெளியூர்க்காரர் வந்து எடுத்தால், சூரியன் உதிக்கும், ஒரு பையன் கட்டுமரத்தின் மேல் நிற்பான், பின்னால் கோயில் மணி அடிக்கும், படம் முடிந்துவிடும். அந்தப் பையனின் அம்மா அன்று மீன் என்ன விலைக்குப் போட்டார், பிள்ளை கடலுக்கு வலையோடு போகாமல் பலகையோடு போகிறானே என்று அவருக்கு என்ன நினைப்பு, அதைக் கேட்டு எடுக்க அங்கேயே கிடக்கிற ஒருத்தன் வேண்டும்.

பணத்துக்கு நேர்மையாகச் சொல்கிறேன், ஆரம்பத்தில் கல்யாண வீடியோ, ஹோட்டல் விளம்பரம், சறுக்குப் பள்ளிகளுக்குச் சின்னச் சின்ன வீடியோ என்றுதான் ஓடும். வாரத்தில் நான்கு நாள் அது, மூன்று நாள் அலை. பையனிடம் இரண்டு விஷயம் கேளுங்கள். ஒன்று, நீச்சல் எப்படி? குளத்து நீச்சல் இல்லை, அலைக்கு அடியில் மூச்சடக்கி இருக்கிற நீச்சல். இரண்டு, எடுத்ததை யாருக்குப் போட்டுக் காட்டினாய்? இரண்டாவதற்குப் 'ஹார்ட் டிஸ்கில் இருக்கு' என்று பதில் வந்தால் கவலைப்படுங்கள். ஒரு சமுதாயக் கூடத்தில் திரை கட்டி, குப்பத்து ஜனங்களை உட்காரவைத்து, தானே மைக் பிடித்து ஓட்டிக் காட்டினேன் என்று சொன்னால், அடுத்த முறை அழைப்பு வந்தால் நீங்களும் போய் முன்வரிசையில் உட்காருங்கள். முடிந்தால் எனக்கும் ஒரு இடம் பிடித்து வையுங்கள்.

கே: இவ்வளவு அளக்கிறீர்களே, நீங்கள் எப்போதாவது அலைப்பலகையில் ஏறியது உண்டா? (பெயர் வேண்டாம் என்கிறார், திருவான்மியூர்)

ப: உண்டு. ஒரு தடவை. சொல்லிக்கொடுத்த தம்பி என் போனிலேயே அதைப் படம் பிடித்தும் கொடுத்தான். மொத்தம் 11 வினாடி, அதில் 9 வினாடி நான் தண்ணீருக்கு அடியில். மூக்குக் கண்ணாடி இன்னும் வங்காள விரிகுடாவில்தான் இருக்கிறது. வீட்டுக்கு யார் வந்தாலும் என் மனைவி டீயோடு அந்தப் படத்தையும் போட்டுக் காட்டுகிறார், நேரடி வர்ணனையோடு. இதுவரை எல்லாக் காட்சியும் ஹவுஸ்ஃபுல்.